"பொம்பளை உடம்பு தாங்காது": ஒரு டாக்டர் சொன்ன கருத்தும் மதுரை ஜெயித்த கோப்பையும்

1/
2019 மே 22. லூதியானா, குருநானக் மைதானம். இந்திய மகளிர் லீக் கால்பந்து இறுதிப்போட்டி. மதுரையின் சேது எஃப்சி அணி, மணிப்பூர் போலீஸ் அணியை 3-1 என்று வீழ்த்தி தேசிய சாம்பியன் ஆனது.

நம்ம ஊர் அணிங்க. அலங்காநல்லூரில் எந்தக் காளை பிடிபடாமல் போனது என்று வருஷக்கணக்கில் பேசுகிற ஊரில், இது எத்தனை பேருக்குத் தெரியும்?

2/
இன்னொரு விஷயம். அந்த அணியின் பயிற்சியாளரும் ஒரு பெண், அம்ருதா அரவிந்த். இது ஏன் பெரிய விஷயம் என்று புரிய நூறு வருஷம் பின்னாடி போகணும். கதையில் நம்ம மெட்ராஸ் மெடிக்கல் காலேஜும் வருது. பொறுமையா படிங்க.

3/
முதல் உலகப்போர் சமயம். இங்கிலாந்தில் ஆண்கள் போர்முனையில், பெண்கள் குண்டு தயாரிக்கும் தொழிற்சாலைகளில். பிரெஸ்டன் நகரத் தொழிற்சாலைப் பெண்கள் சேர்ந்து 'டிக் கெர் லேடீஸ்' என்று ஒரு கால்பந்து அணி தொடங்கினார்கள். 1920 டிசம்பர் 26 அன்று லிவர்பூலில் அவர்கள் ஆட்டத்தைப் பார்க்க வந்த கூட்டம் சுமார் 53,000 பேர்!

4/
ஒரு வருஷம்கூட ஆகல. 1921 டிசம்பர் 5. இங்கிலாந்து கால்பந்து சங்கம் தன் கிளப்களின் மைதானங்களில் பெண்கள் ஆடத் தடை போட்டது. அந்தத் தடை நீங்க ஏறக்குறைய 50 வருஷம் ஆனது.

5/
தடைக்கு ஆதரவாக மருத்துவர்களும் பேசினார்கள். அதில் ஒருவர் டாக்டர் மேரி ஷார்லிப். பெண்ணின் உடலமைப்புக்குக் கால்பந்து கொஞ்சமும் பொருந்தாது, அதை அந்த உடம்பு தாங்காது என்பது அவர் கருத்து.

இந்த மேரி ஷார்லிப் யார் தெரியுமா? 1875ல் மெட்ராஸ் மெடிக்கல் காலேஜில் சேர்ந்த முதல் நான்கு பெண்களில் ஒருவர். 1885ல் சென்னையில் பெண்களுக்கென்றே மருத்துவமனை தொடங்கியவர். கோஷா ஆஸ்பத்திரி என்று சனங்கள் சொல்லும், இன்றைய திருவல்லிக்கேணி கஸ்தூர்பா காந்தி மருத்துவமனை அதுதான்.

6/
யோசிச்சுப் பாருங்க. பெண்ணுக்கு மருத்துவப் படிப்பே கூடாது என்ற காலத்தில் அந்தச் சுவரை உடைத்த பெண்மணி. அவரே இன்னொரு கதவைச் சாத்தும் பக்கம் நின்றார். அவரைத் திட்டுவதற்காகச் சொல்லல. ஆய்வு இல்லாமல் 'உடம்பு தாங்காது' என்று ஒரு டாக்டர் வாயிலிருந்து வரும் ஒரு வரி, எத்தனை தலைமுறையைக் கட்டிப்போடும் என்பதற்காகச் சொல்றேன்.

அதே பெண்கள் தொழிற்சாலையில் ஷிஃப்ட் ஷிஃப்டாக வேலை பார்த்தபோது, உடம்பு தாங்காது என்று யாரும் மைதானத்துக்குத் தடை போட்ட மாதிரி தடை போடலையே!

7/
டிக் கெர் அணியின் இடதுபக்க முன்கள வீராங்கனை லில்லி பார். 1905ல் பிறந்தவர். பதின்ம வயதில் ஆட ஆரம்பித்து 1951 வரை ஆடினார். 46 வயசு! நடுவில் மனநல மருத்துவமனையில் நர்ஸ் வேலையும் பார்த்தார். உடம்பு தாங்குமா என்ற கேள்விக்கு அவர் காலே பதில் சொல்லிருச்சு.

8/
இந்தியாவுக்கு வருவோம். இங்கே பெண்கள் கால்பந்துக்கு 1975ல்தான் தனிச் சம்மேளனம் வந்தது. ஆண்கள் கால்பந்தை நடத்திய அகில இந்திய சம்மேளனம் இவர்களைத் தன்னோடு சேர்த்துக்கொள்ள 1990கள் வரை ஆனது.

ஆனால் அந்த இடைப்பட்ட காலத்தில் ஆடியவர்கள் சாதாரண ஆட்கள் இல்லை. ஆசிய மகளிர் போட்டியில் 1980 கோழிக்கோட்டில் இரண்டாமிடம். 1981 ஹாங்காங்கில் மூன்றாமிடம். 1983 பாங்காக்கில் மறுபடி இரண்டாமிடம்.

9/
அந்தக் காலத்து முன்கள வீராங்கனை, இந்திய அணித் தலைவி, கொல்கத்தாவின் சாந்தி மல்லிக். 1983ல் அர்ஜுனா விருது. அந்த விருதைப் பெற்ற முதல் பெண் கால்பந்து வீரர்.

இரண்டாவது பெண் யார்? மணிப்பூரின் பெம்பெம் தேவி. வருஷம் 2017. நடுவில் 34 வருஷம்! அத்தனை காலம் திறமையே பிறக்கலையா? பிறந்துச்சு. பார்க்கத்தான் ஆள் இல்லை. 2009ல் போதுமான சர்வதேச ஆட்டம் ஆடாததால் ஃபிஃபா தரவரிசைப் பட்டியலிலிருந்தே நம் மகளிர் அணி நீக்கப்பட்டது.

10/
சாந்தி மல்லிக் ஆட்டம் முடிந்ததும் மைதானத்தை விட்டுப் போகல. கொல்கத்தாவில் பிள்ளைகளுக்குப் பயிற்சியாளர் ஆனார். பெம்பெம் தேவியும் 2016ல் ஓய்வு பெற்றதும் பயிற்சிப் பக்கம் வந்தார். முதல் இந்திய மகளிர் லீக் கோப்பையை வென்ற ஈஸ்டர்ன் ஸ்போர்ட்டிங் யூனியன் அணியை வழிநடத்தியது அவர்தான். முன்னாள் வீராங்கனை மேமோல் ராக்கி 2017ல் இந்திய சீனியர் அணிக்கே பயிற்சியாளர் ஆகி, 2019ல் தெற்காசியக் கோப்பையை வாங்கித் தந்தார்.

11/
இப்ப டாக்டரா கொஞ்சம் பேசுறேன்.

முன்கள ஆட்டக்காரர் என்றால் திடீர் ஓட்டம், திடீர் நிறுத்தம், சட்டென்று திரும்புதல். முழுப் பாரமும் முழங்காலுக்குள் இருக்கும் ஏசிஎல் என்ற தசைநார் மேலே. நம்ம ஆட்கள் பாஷையில் 'ஜவ்வு'. ஆண்களைவிடப் பெண் ஆட்டக்காரர்களுக்கு இது கிழியும் வாய்ப்பு 2 முதல் 3 மடங்கு அதிகம். இந்தியாவின் மிகச்சிறந்த முன்கள வீராங்கனை பாலா தேவி, 2020ல் ஸ்காட்லாந்தின் ரேஞ்சர்ஸ் கிளப்புக்குப் போனார். அவரையும் இந்த ஜவ்வுதான் சாய்ச்சது. சிகிச்சை எடுத்துத் திரும்பவும் ஆட வந்தார்.

12/
"அப்ப ஷார்லிப் சொன்னது சரிதானே டாக்டர்?" இல்லைங்க. ஆபத்து இருந்தால் தடுப்பு கண்டுபிடிக்கணும். ஆட்டத்தையே நிறுத்தக்கூடாது.

நார்வேயில் 13 முதல் 17 வயது வரை 1,892 பெண் ஆட்டக்காரர்களை வைத்து ஓர் ஆய்வு, 2008ல் வெளியானது. ஆட்டத்துக்கு முன் 20 நிமிட வார்ம்-அப். ஓட்டம், தொடைக்கும் இடுப்புக்கும் பலம் தரும் பயிற்சி, சரியாகக் குதித்து இறங்கும் பழக்கம். கடுமையான காயங்கள் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தன. மெஷின் வேண்டாம், ஜிம் வேண்டாம். தினமும் செய்ய வைக்க ஒரு நல்ல கோச் வேணும். அவ்வளவுதான்.

13/
இன்னொன்று, ரத்தம். தேசிய குடும்பநல ஆய்வு-5 கணக்குப்படி தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் 53.4% பேருக்கு ரத்தசோகை. இரண்டாம் பாதியில் மூச்சு வாங்கி நிற்கும் பிள்ளையை 'சோம்பேறி' என்று திட்டுவதற்கு முன், ஹீமோகுளோபின் எவ்வளவு என்று பாருங்க. மாதவிடாய் மாசக்கணக்கில் வரலைன்னா, அவள் எரிக்கும் சக்திக்கு ஏற்ற சாப்பாடு போதலைன்னு அர்த்தமா இருக்கலாம். டாக்டரிடம் கூட்டிட்டு வாங்க.

14/
இதையெல்லாம் 13 வயசுப் பொண்ணு யார்கிட்ட வாய்விட்டுச் சொல்லுவா? தானும் அந்த வயசில் அதே மைதானத்தில் ஓடின ஓர் அக்காவிடம் சொல்லுவா. நல்ல ஆண் பயிற்சியாளர்கள் நிறைய பேர் இருக்காங்க, மறுக்கல. ஆனால் பெண் பிள்ளைகள் ஆட்டத்தை விட்டுவிடும் அந்த வயசில், பெண் கோச் ஒருத்தர் பக்கத்தில் இருப்பது தனிப் பலம்.

15/
தமிழ்நாட்டுப் பெண்கள் 2018லும் 2023லும் தேசிய சீனியர் சாம்பியன்ஷிப்பை வென்றவர்கள். இவர்கள் எல்லாருக்கும் ஒருநாள் 30 வயசு தாண்டும். அதன்பின் அந்த அனுபவம் வீட்டுக்குள் முடங்குமா, ரேஸ்கோர்ஸ் மைதானத்துக்கு வருமா என்பதில்தான் அடுத்த தலைமுறை இருக்கு.

16/
உங்க பொண்ணு படிக்கும் பள்ளியில் இரண்டு கேள்வி கேளுங்க. "பொண்ணுங்களுக்கு கால்பந்து உண்டா? சொல்லித்தர்றது யாரு?" முன்னாள் வீராங்கனை யாராவது உங்க தெருவில் இருந்தா, அந்தப் பள்ளிக்கு அவங்களை அறிமுகப்படுத்துங்க. வீட்டில் யாராவது 'பொம்பளைப் புள்ள உடம்பு தாங்காது'ன்னு சொன்னா, லில்லி பார் 46 வயசு வரை ஆடின கதையைச் சொல்லுங்க.