கர்ணனுக்கு ஒரு களரி

இதிகாச நாயகனுக்கு அருகிலோ எதிரிலோ நிற்கும் ஒருவனைப் பிரித்தெடுத்து, அவனைச் சுற்றியே ஆட்டம் முழுவதையும் அமைப்பதில் உள்ள இடர்கள், மட்டக்களப்பில் ஒல்லாந்தர் கோட்டை நிற்கும் புளியந்தீவைச் சூழ்ந்த வாவிக்கரை ஊர்களின் கூத்து, 1960களில் பேராதனைப் பல்கலைக்கழக மேடைக்குச் சென்றபோது தெளிவாகப் புலப்பட்டன.

ஊர்க்கூத்தில் துணைப்பாத்திரம் என்று ஒதுக்கத்தக்கவர் மிகச் சிலரே. மக்கள் சூழ்ந்திருக்க நடுவே அமையும் ஆடுகளமான வட்டக்களரியில் ஒவ்வொரு முக்கிய பாத்திரத்துக்கும் 'வரவு', அதாவது முதன்முதலாக ஆடிவந்து தன்னை அறிவிக்கும் பகுதி, தனியே உண்டு. அதற்குரிய தாளக்கட்டை அண்ணாவியார் எனப்படும் கூத்தாசிரியர் மத்தளத்தில் வாசிக்க, பிற்பாட்டுக்காரர் பாடலைத் திருப்பிப் பாடுவர். தம் பாத்திரத்துக்குரிய பாட்டும் வசனமும் எழுதிய ஏட்டைப் பெறும் 'சட்டம் கொடுத்தல்' தொடங்கி மாதக்கணக்காகப் பழகியவருக்கு, பார்க்க வந்திருக்கும் உறவினர் கண்ணில், அன்றிரவு அவரே நாயகர். விடியுமட்டும் ஆடும் கூத்தில் அதற்கு நேரமும் இருந்தது.

வந்தாறுமூலைச் செல்லையா அண்ணாவியார் மாணவரைப் பழக்க, பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1962இல் 'கர்ணன் போர்' கூத்தைச் சுருக்கி மேடையேற்றியபோது இந்தத் தாராளம் குறைய வேண்டியதாயிற்று. கர்ணனை உயர்த்த ஏனையோரைக் குறைக்க வேண்டும். ஆனால் அவனது கொடையும் செஞ்சோற்றுக் கடனும் கண்ணனும் குந்தியும் அர்ச்சுனனும் எதிரே நின்றாலன்றித் துலங்கா. அவர்களை அளவு மீறிக் குறைத்தால் வெளிறுபவன் கர்ணனே.

மட்டக்களப்பைச் சேர்ந்த சி. மௌனகுரு எழுதி 1964இல் மேடை கண்ட 'இராவணேசன்' இச்சிக்கலை வேறு வகையில் அணுகியது. இராவணனுக்கெனக் கும்பகர்ணன், இந்திரசித்து, மண்டோதரி என்றொரு சுற்றம் கம்பரின் யுத்த காண்டத்திலேயே இருந்தமையால், இராமனின் நிழலில் நில்லாமல், தம்பியையும் மகனையும் போருக்கனுப்பி இழக்கும் ஒருவனின் அகப்போராட்டமாக நாடகம் விரிய முடிந்தது. அமெரிக்கத் தொலைக்காட்சியிலும், 'சியர்ஸ்' நகைச்சுவைத் தொடரின் துணைப்பாத்திரமான மனநல மருத்துவர் பிரேசியருக்குத் தந்தை, தம்பி என்று புதிய சுற்றம் அமைத்த தொடர் 1993இலிருந்து 11 பருவங்கள் ஓடியது. 'பிரண்ட்ஸ்' தொடரிலிருந்து பிரித்தெடுத்த 'ஜோயி' இரண்டே பருவங்களில் நின்றது. சுற்றம் மட்டுமே வெற்றியைத் தீர்மானிப்பதில்லை என்பது உண்மையே. வடமோடி என்னும் கூத்துவகைக்குரிய ஆட்டத்தின் வீறு இல்லையேல் இராவணனின் தத்தளிப்பு வெறும் வசனமாகவே நின்றிருக்கும்.

'இராவணேசன்' 2000க்குப் பின்னரும் மௌனகுருவின் நெறியாள்கையில் மீண்டும் மேடையேறியது. வாவிக்கரை ஊர்களின் 'பதினேழாம் போர்' கூத்திலோ, கர்ணன் இரவை மற்றவர்களோடு பங்கிட்டுக்கொண்டே மடிகிறான்.