சிவப்பு விற்ற ஊர்

வேலையில் எனக்கு நிறம் என்றால் எண். சுத்தமான சிவப்பு 255, 0, 0. அதைப் பார்த்து யாருக்கும் கோபம் வந்ததில்லை. ஆனால் 1719இல் லண்டனில் துணியின் நிறம் கலவரத்தைக் கிளப்பியது. காலிகோ, அதாவது வண்ணமிட்ட இந்தியப் பருத்தித் துணி, உடுத்திய பெண்களை அங்கிருந்த நெசவாளர்கள் தெருவில் துரத்தி உடையைக் கிழித்தார்கள், மை ஊற்றினார்கள். பிழைப்பு போகிற பயம். 1721இல் பாராளுமன்றம் அந்தத் துணிகளுக்குத் தடை போட்டது.

அப்படி என்ன இருந்தது அந்த நிறத்தில்? வெளுத்தாலும் போகாது, அவ்வளவுதான். பருத்தியில் சாயம் நிற்க வைப்பது ஐரோப்பாவுக்கு அப்போது பெரும்பாடு. நம் கடலோர மணலில் சாயவேர் விளைந்தது. துணியைக் கடுக்காயிலும் எருமைப்பாலிலும் ஊறவைத்து, படிகாரம் தடவி, அந்த வேரோடு கொதிக்கவைத்தால் சிவப்பு இழையோடு ஒட்டிக்கொள்ளும். படிகாரம் இல்லையென்றால் சாயம் தண்ணீரோடு போய்விடும்.

லண்டனில் துணி கிழிபட்ட அதே காலத்தில், 1717 முதல் 1720 வரை சென்னையில் கவர்னராக இருந்த ஜோசப் காலெட், திருவொற்றியூரில் நெசவாளர்களைக் குடியேற்றினார். அதுதான் இன்றைய காலடிப்பேட்டை. மூலக்கொத்தளத்தை ஒட்டிய வண்ணாரப்பேட்டை, கம்பெனியின் துணிகளை வெளுத்தவர்களின் ஊர். வெள்ளை சரியாக வந்தால்தானே மேலே ஏறும் நிறம் பளிச்சென்று தெரியும்!

1868இல் ஜெர்மனியில் கிரேபேயும் லீபர்மானும் அலிசரினை ஆய்வகத்தில் செய்துகாட்டினார்கள். சாயவேரின் சிவப்புக்குக் காரணமான அதே பொருள். கொஞ்ச காலத்தில் வேருக்கு மவுசு போச்சு.

இன்று வடசென்னை என்றதும் மனசுக்குள் என்ன நிறம் வருது? பழுப்பு, கறுப்பு, அனல்மின் நிலையச் சாம்பல். சினிமாவும் அதே நிறத்தைத்தான் பூசுகிறது. அந்த இருட்டைப் பார்த்ததும் நமக்குப் பயமோ பரிதாபமோ வந்துவிடுகிறது. அங்கே வாழ்கிறவர்களைப் பார்ப்பதற்கு முன்பே முடிவு எடுத்துவிடுகிறோம். சாம்பல் பொய்யில்லை, எண்ணூர்க்காரர்கள் அதைத்தான் சுவாசிக்கிறார்கள். ஆனால் அது மேலே வந்து படிந்த நிறம். ஊரின் பிறவி நிறம் இல்லை.

நினைவுக்கும் ஒரு படிகாரம் வேண்டும். இங்கே அது ஊர்ப்பெயர்கள்தான். பேருந்துப் பலகையில் வண்ணாரப்பேட்டை, காலடிப்பேட்டை என்று இருக்கும்வரை அந்தச் சிவப்பு முழுசாக வெளுக்காது.