ஈச்சர வாரியரின் மனு

வக்கீல் குமாஸ்தாவாக முப்பது வருஷம் ஆட்கொணர்வு மனுக்கள் கட்டியிருக்கிறேன். காணாமல்போனவரின் போட்டோவில் குண்டூசி குத்த எனக்குக் கை வராது. தனி உறையில்தான் வைப்பேன். அப்போதெல்லாம் ஈச்சர வாரியர் நினைவுக்கு வருவார்.

1976 மார்ச் 1 விடியற்காலை, கோழிக்கோட்டில் பொறியியல் படித்த அவர் மகன் ராஜனைப் போலீஸ் பிடித்துப்போனது. ஓராண்டு அப்பா ஏறாத படி இல்லை. நெருக்கடி நிலையில் நீதிமன்றக் கதவும் சாத்தியிருந்தது. 1977 மார்ச் 21இல் நெருக்கடி நிலை நீங்கியது. நான்காம் நாளே கேரள உயர் நீதிமன்றத்தில் மனு.

பிடிக்கவே இல்லை என்றது அரசுத் தரப்பு. நீதிபதிகள் விடவில்லை, சாட்சிகளையே கூண்டேற்றினார்கள். இவ்வகை மனுவில் அது அபூர்வம். கக்கயம் போலீஸ் முகாமில் ராஜனைப் பார்த்தவர்கள் பேசினார்கள். ஏப்ரல் 13இல், ஆஜர்படுத்துங்கள் என்று உத்தரவு. இந்த வழக்கால், கேரள முதல்வராகி ஒரே மாதத்தில் கருணாகரன் பதவி விலகினார். ராஜனின் உடல் கடைசிவரை கிடைக்கவில்லை.