கேரளப் பள்ளிக் கலைவிழாவும் ரிட் மனுக்களும்

கேரள மாநிலப் பள்ளிக் கலைவிழா 1957-ல் எர்ணாகுளத்தில் தொடங்கியது. பொதுக் கல்வி இயக்குநராக இருந்த சி.எஸ். வெங்கடேஸ்வரன் எடுத்த முயற்சி அது. சில நூறு மாணவர்கள் கூடிய அந்த நிகழ்ச்சிதான், பள்ளி, துணை மாவட்டம், வருவாய் மாவட்டம், மாநிலம் என நான்கு படிகளில் நடக்கும் கலோல்சவமாக வளர்ந்தது. ஒரு படியில் முதலிடம் பெற்றவருக்கே அடுத்த படியில் இடம். நடுவர் முடிவை எதிர்த்த வழக்குகளில் பெரும்பாலானவை இந்த விதியிலிருந்து பிறந்தவை.

பரிசுக்கு மதிப்பு ஏற ஏற வழக்குகளும் பெருகின. 1986-ல் சிறந்த மாணவிக்குக் கலாதிலகம், சிறந்த மாணவனுக்குக் கலாபிரதிபா என்ற பட்டங்கள் வந்தன. முதல் கலாபிரதிபாவான வினீத் திரைப்பட நடிகராகப் பெயர் பெற்றார். அதையொட்டி, வெல்லும் மாவட்டத்துக்கு 117.5 பவுன் தங்கக் கோப்பையும் ஏற்பட்டது. பட்டங்கள் 2000-களின் நடுவில் கைவிடப்பட்டன. ஆனால் விழாவில் சிறந்தவர்களுக்குப் பொதுத்தேர்வில் கூடுதலாகத் தரும் கிரேஸ் மார்க் தொடர்ந்தது. உயர்கல்வி இடம் ஓரிரு மதிப்பெண்ணில் தவறும் நாட்டில், பெற்றோரை வழக்கறிஞரிடம் அனுப்ப அது ஒன்றே போதும்.

கல்வித்துறைக்குள்ளேயே மேல்முறையீட்டுக் குழு உண்டு. கட்டணம் கட்டி மனு கொடுக்க வேண்டும். ஏற்கப்பட்டால் மாணவர் அடுத்த படியில் ஆடலாம், பாடலாம். குழு மறுத்தால் அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு.

அங்கே சட்டம் நெடுங்காலமாக ஒரே நிலையில் நிற்கிறது. வல்லுநர் குழுவின் மதிப்பீட்டுக்குப் பதிலாகத் தன் கருத்தை நீதிமன்றம் வைக்கக் கூடாது என்று மைசூர் பல்கலைக்கழகம் - கோவிந்த ராவ் வழக்கில் 1963-லேயே உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. முடிவு சரியா என்பதல்ல, முடிவெடுத்த முறை சரியா என்பதே நீதிமன்றம் பார்க்க வேண்டியது என்று 1994-ல் டாடா செல்லுலார் வழக்கு தெளிவாக்கியது. முத்திரை பிசகியதா, தாளம் தவறியதா என்பது நடுவர் பாடு. கலைவிழாக் கையேட்டின் விதி மீறப்பட்டதா, நடுவருக்கு உள்நோக்கம் இருந்ததா என்பது மட்டுமே நீதிபதியின் எல்லை.

நடைமுறையில் மனுதாரருக்கு வேண்டியிருந்தது இறுதித் தீர்ப்பே அல்ல. மறுவாரம் மேடையேற ஓர் இடைக்கால உத்தரவு. விழா முடிந்தபின் மூல வழக்கை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அதனால் சட்டக் கோட்பாடு உறுதியாக இருந்தும் அதற்கு வேலை இல்லாமல் போயிற்று. முன்சிப் நீதிமன்றம், லோக் ஆயுக்தா, குழந்தைகள் உரிமை ஆணையம் என உத்தரவு வாங்கும் வாசல்களும் பெருகின. மாவட்டத்துக்கு ஒருவராகப் பதினான்கு பேர் வரவேண்டிய மாநிலப் போட்டிகளில் அப்பீலில் வந்தவர்களும் சேர, நிகழ்ச்சிகள் நள்ளிரவைத் தாண்டின. முறையாக வென்று வந்து, ஒப்பனை கலையாமல் மணிக்கணக்கில் காத்திருந்த குழந்தைகளே இதில் அதிகம் வதைபட்டவர்கள்.

2018-ல் திருச்சூரில் நடந்த விழாவில் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி அப்பீல் உத்தரவுகள் பிடிபட்டன, சிலர் கைதாயினர். அந்த ஆண்டு மாநில அளவில் முதல் மூன்று இடங்கள் நீக்கப்பட்டு கிரேடு மட்டும் நிலைத்தது. மாவட்டத்தில் ஒருவரைத் தேர்ந்தெடுக்கும் முறை மாறாததால், சச்சரவின் வேர் அங்கேயே இருந்தது.

கோவிட் காலத்தில் நின்றிருந்த விழா 2023 ஜனவரியில் கோழிக்கோட்டில் மீண்டும் கூடுவதற்குச் சற்று முன், மேடைக் குறைபாடுகளைக் காட்டித் தொடரப்பட்ட மனுக்களை நீதிபதி வி.ஜி. அருண் தள்ளுபடி செய்தார். தோல்வியை ஏற்காத பெற்றோர் பிள்ளைகளை மனச்சோர்வில் தள்ளக்கூடும் என்றும் எச்சரித்தார். 2025-ல் திருவனந்தபுரம் விழாவை ஒட்டி நீதிபதி சி. ஜெயச்சந்திரன், இத்தகைய வழக்குகள் உயர் நீதிமன்றத்தின் நேரத்தைத் தின்பதைச் சுட்டி, இவற்றுக்கெனத் தனித் தீர்ப்பாயம் அமைப்பதை அரசு பரிசீலிக்கலாமே என்று கேட்டார். அந்த விழாவில் தங்கக் கோப்பையைத் திருச்சூர் 1008 புள்ளிகளுடன் வென்றது. பாலக்காடு பெற்றது 1007.