பத்திரம் எப்போ வீட்டுக்கு வரும்?

1989-இல் தர்மபுரி மாவட்டத்தில் முதல் மகளிர் குழுக்கள் தொடங்கிய காலத்திலிருந்து, அசல் தனியாக, வட்டி தனியாக எழுதிப் பழகியவர்கள் நாம். வீட்டுப் பத்திரத்தை அடமானம் வைத்து வாங்கும் கடனில் மட்டும் "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பதோடு நிறுத்திக்கொள்கிறோம்.

நம்ம நோட்டு முறையிலேயே போட்டுப் பார்த்தேன். 10 லட்சம், 9 சதவீதம், 20 வருடம் என்றால் தவணை ரூ.8,997. முதல் மாதம் அதில் வட்டிக்கே 7,500 போய்விடும். அசலில் குறைவது 1,497தான். முடியும்போது கட்டியிருப்பது ஏறக்குறைய 21.59 லட்சம். அதையே 15 வருடமாக வைத்தால் தவணை 10,143. மொத்தத்தில் சுமார் 3.33 லட்சம் மிச்சம்.

2019 அக்டோபர் முதல் வங்கிகள் மாறும் வட்டியில் தரும் புதிய வீட்டுக்கடன்கள் பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டியோடு சேர்ந்தே ஏறி இறங்குகின்றன. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் அந்த ரெப்போ 4-லிருந்து 6.5 சதவீதம் ஆனது. பல வீடுகளில் தவணை ஏறவில்லை, அதனால் யாரும் கவனிக்கவும் இல்லை. ஏறினது வருடங்கள்! 10 லட்சத்துக்கு 7 சதவீதத்தில் 20 வருடத் தவணை 7,753. வட்டி 9.5 ஆனால் அந்த 10 லட்சத்துக்கு மாத வட்டியே 7,917 வருகிறதே, அசல் எங்கே குறையும்?

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது: வட்டி மாறும்போது கடன்தாரருக்குச் சொல்ல வேண்டும், தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று அவரே முடிவு செய்ய வழி தர வேண்டும். அக்கா, தவணை ஏறலைன்னு சும்மா இருந்துடாதீங்க. இன்னும் எத்தனை மாசம் பாக்கின்னு வங்கியில கேட்டு எழுதி வாங்குங்க.