முடிவில்லாத் தெரு

ஜப்பானிய மொழியில் ‘ககிரினகி ஹோதோ’ எனப் பெயர் கொண்ட இந்த மௌனப் படம், ஷோசிகு கம்பெனிக்காக மிகியோ நாருசே (1905–1969) டைரக்ட் செய்து 1934ஆம் ஆண்டில் வெளிவந்தது. கொமாட்சு கிதாமுராவின் நாவலைத் தழுவியது. ‘ஹோதோ’ என்பது தளம் பாவிய வீதியைக் குறிக்கும் சொல்; அதற்கேற்பக் கதையும் டோக்கியோ மாநகரத்துக் கின்சா வீதியின் ஜனசந்தடியிலேயே ஆரம்பமாகிறது.

அவ்வீதியின் காப்பிக்கடை ஒன்றில் பரிமாறும் வேலை பார்க்கும் சுகிகோ (நடிகை செட்சுகோ ஷினோபு), தன் காதலனைக் காணச் செல்லவிருந்த வேளையில் மோட்டார் கார் ஒன்றில் அடிபடுகிறாள். காரை ஓட்டி வந்த செல்வந்தனான ஹிரோஷி யமனோஉச்சி, முதலில் அநுதாபத்தாலும் பின்னர் அநுராகத்தாலும் உந்தப்பட்டு அவளையே விவாகம் செய்துகொள்கிறான். பாட்டி கதையாயின் இத்துடன் சுபம். நாருசேக்கோ சங்கடம் இங்கேதான் தொடங்குகிறது. குலப்பெருமையே உயிரெனக் கொண்ட மாமியாரும் நாத்தியும், உழைத்துப் பிழைத்த பெண் தங்கள் வீட்டில் காலடி வைத்ததைச் சகியாமல், அவளுடைய ஒவ்வொரு செய்கையிலும் குற்றங்காண்கிறார்கள். சம்பிரதாயத்தை மீறி மணந்த தைரியசாலியான கணவனோ, தாயின் முன்னிலையில் வாயடைத்துக் குடியில் புகலடைகிறான்.

குட்டை மயிரும் மேனாட்டு உடையுமாகக் கின்சாவில் உலவிய நவநாகரிக யுவதிகளை அந்நாட்களில் ‘மோகா’ என்பார்கள். சுகிகோவின் நவீனமோ உடையைப் பொறுத்ததன்று, சுயசம்பாத்தியத்தில் வாழ்ந்து பழகிய மனத்தைப் பொறுத்தது. ஆகவேதான் அவள் அவ்வீட்டை விட்டு வெளியேற முடிகிறது. பிறகு கார் விபத்தில் சிக்கிய ஹிரோஷி ஆஸ்பத்திரியில் மரணப்படுக்கையில் கிடக்க, அங்கு வரும் அவள், உங்கள் அன்பெல்லாம் குடும்பப் பெயரின் மீதே என்று மாமியாரை நேருக்கு நேர் இடித்துரைத்துவிட்டு, கணவன் மன்றாடியும் தங்காமல் போய்விடுகிறாள். குரலே இல்லாத படத்தில், எழுத்து அட்டைகளின் வழியே கேட்கும் இக்கண்டனத்துக்கு இணையான உரத்த வசனம் பேசும் படங்களிலும் அரிது.

காப்பிக்கடை வேலைக்கே அவள் திரும்புவதைத் தோல்வி என்பாரும் உளர், அது பொருந்தாது. சுகிகோவின் தோழி சினிமா நடிகையாகும் கிளைக்கதை மட்டும் சற்றுத் தளர்வானது.

ஷோசிகு கம்பெனி தன் முதற் பேசும் படத்தை 1931ஆம் ஆண்டிலேயே வெளியிட்டிருந்தும், நாருசேக்கு அங்கே பேசும் படம் எடுக்கும் வாய்ப்புக் கிட்டவில்லை. இப்படத்துக்குப் பின்னர் அவர் பி. ஸி. எல். ஸ்டூடியோவில் சேர்ந்து, 1935இல் தம் முதற் பேசும் படத்தை எடுத்தார். அவருடைய மௌனப் படங்களில் இன்று எஞ்சியிருப்பவை ஐந்து. அவற்றுள் இதுவே கடைசி.