தீர்ப்பு தாலுகா அலுவலகம் போய்ச் சேரும் வழி

நிலம் இன்னாருக்கே உரியது என்று உரிமையியல் நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகும், தாலுகா அலுவலகப் பதிவேட்டில் தோற்றவர் பெயரே நீடிப்பது தமிழகத்தில் அரிதன்று. அலுவலர்களின் மெத்தனம் என்று அதைத் தள்ளிவிடுகிறோம். மெத்தனமும் உண்டுதான், ஆனால் கோளாறின் வேர் பட்டா பிறந்த காலத்திலேயே இருக்கிறது.

1792-இல் பாராமகாலில் அலெக்சாண்டர் ரீடும் அவருக்குத் துணையாக இருந்த தாமஸ் மன்றோவும் தொடங்கிய ஏற்பாடு, மன்றோ 1820-இல் சென்னை ஆளுநரான பின் ரயத்துவாரி முறையாக மாகாணத்தில் பரவியது. சர்க்காருக்கும் உழவருக்கும் இடையே ஜமீன்தார் இல்லாத முறை அது. யாரிடம் கிஸ்து கேட்பது? அதற்கு விடை சொல்வதே பட்டாவின் வேலை. யார் சொந்தக்காரர் என்ற கேள்வி நீதிமன்றத்துக்கு விடப்பட்டது. பெயர் மாற்ற நடவடிக்கைகள் வரி சார்ந்த விசாரணைகளே, உரிமையைத் தீர்மானிப்பவை அல்ல என்று 1926-இல் பிரிவி கவுன்சிலும் சொல்லிவிட்டது. அயோத்திப் பகுதியிலிருந்து சென்ற வழக்கு அது. ஆனாலும் அக்கருத்தையே இந்திய நீதிமன்றங்கள் இன்றுவரை பின்பற்றுகின்றன.

வருவாய் வாரியம் தீர்ப்புகளை அறியாமல் இல்லை. பட்டா மாறுதலுக்கான அதன் 31-ஆம் நிலையாணை, விற்பனை, வாரிசுரிமை ஆகியவற்றோடு நீதிமன்றத் தீர்ப்பையும் ஒரு வழியாக ஏற்றது. 1923-ஆம் ஆண்டின் நில அளவை, எல்லைகள் சட்டமோ, எல்லை வழக்கின் இறுதி முடிவுக்கேற்ப அளவையைத் திருத்தச் சொன்னது. 1983-ஆம் ஆண்டின் பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு இன்னும் தெளிவானது: பதிவால் பாதிக்கப்பட்டவர் உரிமை விளம்புகை வழக்குத் தொடரலாம், விளம்புகைக்கு இணங்கப் பதிவு திருத்தப்பட வேண்டும்.

திருத்தப்பட வேண்டும் சரி, தீர்ப்பை வட்டாட்சியரிடம் கொண்டு சேர்ப்பவர் யார்? செயப்பாட்டு வினையில் நின்றுவிட்ட அந்தச் சட்டம் அதைச் சொல்லவில்லை. பதிவு செய்த ஆவணம் ஒன்றை நீதிமன்றம் ரத்துசெய்தால், தீர்ப்பு நகலைச் சார்பதிவாளருக்கு நீதிமன்றமே அனுப்ப வேண்டும் என்று 1877-ஆம் ஆண்டின் குறித்தவகைத் தீர்வுச் சட்டமே விதித்திருந்தது. 1963-இல் வந்த புதிய சட்டத்தின் 31-ஆம் பிரிவிலும் அது தொடர்கிறது. நீதிமன்ற ஏல விற்பனைச் சான்றின் நகலும் 1908-ஆம் ஆண்டின் பதிவுச் சட்டப்படி அவ்வாறே பதிவு அலுவலகம் போகிறது. பட்டாவுக்கு மட்டும், வென்றவரே சான்றிட்ட நகலைச் சுமந்துகொண்டு தாலுகா அலுவலகப் படியேற வேண்டியிருக்கிறது.

ஏறினாலும் உடனே முடிவதில்லை. தீர்ப்பாணையின் சொத்து விவரத்தில் நான்கெல்லையும் பழைய சர்வே எண்ணும் இருக்கும்; 1979-இல் தொடங்கிய நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்துக்குப் பின் அதே நிலம் வேறு உட்பிரிவில் இருக்கும். ஒரு புலத்தின் பகுதிதான் தீர்ப்பாகியிருந்தால், நில அளவர் வந்து அளந்து உட்பிரிவு செய்யாமல் பட்டா மாறாது. அத்திட்டத்தில் பெயர் பிழையாக ஏறியதே சில வழக்குகளுக்கு மூலம் என்பது கசப்பான வேடிக்கை. எதிர்தரப்பு மேல்முறையீடு செய்திருக்கிறது என்று விண்ணப்பத்தைக் கிடப்பில் போடுவதும் உண்டு. மேல்முறையீடு செய்ததாலேயே தீர்ப்பாணை நின்றுவிடாது, தடையாணை வேண்டும் என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41-ஆம் கட்டளையில் 5-ஆம் விதி.

உரிமைத் தகராறு இருந்தால் வருவாய்த் துறை தீர்மானிக்கலாகாது, கட்சிக்காரர்களை உரிமையியல் நீதிமன்றத்துக்கே அனுப்ப வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் இருவர் அமர்வு 2011-இல் உறுதிப்படுத்தியது. போகும் பாதை அவ்வளவு துலக்கமாக இருக்கிறது, திரும்பும் பாதைதான் போடப்படவில்லை. பதிவேடு கணினிக்கு ஏறி, பட்டாவை இணையத்திலேயே பார்க்கலாம் என்றான பின்னும் இந்த இடைவெளி அப்படியே இருக்கிறது. இறுதித் தீர்ப்பின் நகலை நீதிமன்றமே வட்டாட்சியருக்கு அனுப்ப வேண்டும் என்ற ஒரு வரியை 1983-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 14-ஆம் பிரிவில் சட்டமன்றம் சேர்க்க வேண்டும்.